பெயர்கள் ஓடும்போது விளக்கைப் போடாதீர்கள்

(கொடைக்கானல் ஒன்றிய ஆசிரியர்களுக்கான கூட்டம் ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



தலைப்பை வாசித்ததும் சிலர் சிரித்தீர்கள். நம் பள்ளிகளில் சிறார் திரைப்படங்கள் திரையிடும் திட்டம் 2022-இல் தொடங்கியதிலிருந்து நாமும் பாதி தியேட்டர்காரர்கள் ஆகிவிட்டோம். ஜன்னலுக்குப் போர்வை கட்டுவது, ஸ்பீக்கருக்கு ஒயர் தேடுவது, பின்வரிசையை அடக்குவது எல்லாம் பழகிவிட்டது. படம் முடிந்து பெயர்கள் ஓட ஆரம்பித்ததும் பெரும்பாலும் ஒரே காரியம்தான் நடக்கிறது. யாரோ விளக்கைப் போடுகிறார்கள், பிள்ளைகள் எழுந்து உடையைத் தட்டிக்கொள்கிறார்கள், மடிக்கணினி மூடப்படுகிறது. அப்படி யாரும் வாசிக்காமல் போகும் பெயர்களில் இரண்டு வரிகளைப் பற்றித்தான் பேசப்போகிறேன். படத்தொகுப்பு ஒன்று, ஒலி இன்னொன்று.

நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு ஷூட்டிங் புதிதில்லை. ஏரிக்கரையிலோ, தூண் பாறையிலோ, பைன் காட்டிலோ வேன்களும் ஜெனரேட்டரும் வந்து நிற்கும். மறுநாள் வகுப்பில் அதே பேச்சாக இருக்கும். யார் ஹீரோ, எத்தனை தடவை ஓட விட்டார்கள், கேமராவை எதில் தொங்க விட்டார்கள் என்று எல்லாம் சொல்வார்கள். அவர்கள் பார்த்தது பாதி வேலையைத்தான். மீதிப் பாதி, யூனிட் மலையிறங்கிப் போன பிறகு சென்னையிலோ கொச்சியிலோ ஓர் இருட்டறையில் நடக்கிறது. அந்த அறை கண்ணில் படாததால், அப்படி ஒரு வேலை இருப்பதே நம் பிள்ளைகளுக்குத் தெரிவதில்லை. சினிமா என்றால் நடிப்பது, இல்லையென்றால் கேமரா பிடிப்பது என்று முடித்துவிடுகிறார்கள்.

குணா குகையையே எடுத்துக்கொள்ளுங்கள். ஆங்கிலேயர் காலத்தில் பேயின் சமையலறை என்று அழைக்கப்பட்ட இடம் அது. 1991 தீபாவளிக்கு 'குணா' வெளிவந்த பிறகு பழைய பெயரை யாரும் சொல்வதில்லை. சுற்றுலா வருகிறவர் கம்பி வேலிக்கு இந்தப் பக்கம் நின்று எட்டிப் பார்க்கிறார். கைப்பேசியில் அந்தப் பாட்டைப் போடுகிறார். இளையராஜா இசையமைத்து, கமல்ஹாசனும் எஸ். ஜானகியும் பாடிய பாட்டு. அதில் பேச்சு எங்கே முடிகிறது, பாட்டு எங்கே தொடங்குகிறது என்று கோடு போட முடியாது. ஒருவர் பேசுகிறார், மற்றவர் அதை எழுதிக்கொண்டே வாசிக்கிறார், நடுவில் அது பாட்டாகிவிடுகிறது. ஒரு குகைக்கு ஊர் முழுக்கப் பெயர் மாற்றி வைத்ததில் காதுக்கும் பெரிய பங்கு இருக்கிறது என்பது என் எண்ணம்.

அதே இடத்தை மறுபடி நாடு முழுக்கப் பேச வைத்தது 2024 பிப்ரவரியில் வந்த 'மஞ்ஞும்மல் பாய்ஸ்'. 2006-இல் கேரளத்திலிருந்து வந்த இளைஞர் குழுவில் ஒருவர் குழிக்குள் விழ, நண்பர் கயிறு கட்டி இறங்கித் தூக்கி வந்த உண்மை நிகழ்ச்சி அது. படத்தில் நாம் பார்க்கும் குகையின் உட்பகுதி பெரும்பாலும் பெரும்பாவூரில் போட்ட அரங்கம். செய்து வைத்த பாறையில் கால் வைத்தால் கல்லின் சத்தம் வராது. ஈரம் சொட்டுவது, ஆழத்திலிருந்து குரல் மேலே வருவது, மேலிருந்து கூப்பிட்ட பெயர் கீழே போய்த் தேய்வது எல்லாவற்றையும் ஒலிக்காரர்கள்தான் கொண்டுவர வேண்டும். ஷிஜின் ஹட்டன், அபிஷேக் நாயர் என்று இருவர் அந்தப் படத்தின் ஒலி வடிவமைப்பாளர்கள். படத்தொகுப்பு விவேக் ஹர்ஷன். நம் மதுரையில் நடக்கும் கதையான 'ஜிகர்தண்டா'வுக்குத் தேசிய விருது வாங்கியவர் அவர். குழிக்குள் விழுந்தவனைக் காட்டாமல் மேலே நிற்பவர்களின் முகத்தை எவ்வளவு நேரம் காட்டுவது என்ற முடிவு, எடிட்டிங் மேசையில் எடுத்த முடிவு. நம் நெஞ்சு அடித்துக்கொண்டது அதனால்தான்.

இனிப் படத்தொகுப்புக்கு வருகிறேன். 'குணா'வின் பெயர்ப் பட்டியலில் பி. லெனின், வி.டி. விஜயன் என்ற இரண்டு பெயர்கள் சேர்ந்து வரும். 'மௌன ராகம்', 'நாயகன்', 'காதலன்', 'இந்தியன்' என்று நாம் பார்த்து வளர்ந்த படங்களில் அந்த இரட்டைப் பெயர் ஓடியிருக்கிறது. நாம்தான் வாசிக்கவில்லை. லெனின், 'பாசமலர்' எடுத்த இயக்குநர் ஏ. பீம்சிங்கின் மகன். பீம்சிங்கே கிருஷ்ணன் - பஞ்சுவிடம் எடிட்டிங் உதவியாளராக இருந்து மேலே வந்தவர்தான். லெனின் தனியாகத் தொகுத்த படங்களில் மகேந்திரனின் 'உதிரிப்பூக்கள்' (1979) இருக்கிறது. அதன் முடிவில் ஆற்றங்கரையில் வசனம் ஏறக்குறைய நின்றுபோய் முகங்கள் மட்டும் இருக்கும். மொழி ஆசிரியர்கள் சிறுகதையில் சொல்லாமல் விடுவது பற்றி நடத்தும்போது அந்தக் காட்சியை ஒருமுறை நினைத்துக்கொள்ளலாம்.

'காதலன்' படத்துக்கு லெனினும் விஜயனும் தேசிய விருது பெற்றார்கள். அதன்பின் லெனின் ஜெயகாந்தனின் 'ஊருக்கு நூறு பேர்' நாவலைத் தானே படமாக இயக்கினார். 2001-ஆம் ஆண்டுக்கான சிறந்த இயக்குநர் தேசிய விருது அதற்குக் கிடைத்தது. அப்பா ஜெயகாந்தனின் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' எடுத்தவர், மகன் இன்னொரு ஜெயகாந்தனை எடுத்தார். பிரமாண்டமான வணிகப் படங்களைத் தொகுத்த அதே கை சின்னச் செலவில் இப்படி ஒரு படத்தையும் எடுத்தது என்பதுதான் அவர் வாழ்க்கையில் எனக்குப் பிடித்த பகுதி.

லெனின் தொழில் கற்ற காலத்தில் எடிட்டிங் என்பது கத்தரிக்கோலும் ஒட்டும் டேப்பும். கணித ஆசிரியர்கள் இதைக் குறித்துக்கொள்ளலாம். திரையில் ஒரு நொடிக்கு 24 ஃப்ரேம். ஒரு நிமிடத்துக்கு 1,440. 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 ஃப்ரேம். அப்படியானால் நிமிடத்துக்கு 90 அடி. இரண்டரை மணி நேரப் படம் 13,500 அடி, அதாவது நான்கு கிலோமீட்டருக்கு மேல். நம் ஏரியைச் சுற்றி வரும் சாலையோடு ஒப்பிடச் சொன்னால் பிள்ளைகளுக்குப் புரியும். இது முடிந்த படம் மட்டும். படமாக்கியது அதைப் போலப் பல மடங்கு. அவ்வளவையும் கையால் தொட்டு, எந்தத் துண்டு எந்தக் கொக்கியில் தொங்குகிறது என்று நினைவில் வைத்து வெட்டினார்கள். தவறாக வெட்டினால் மறுபடி ஒட்ட வேண்டும். அதனால் வெட்டுவதற்கு முன் யோசித்தார்கள். இப்போது கணினியில் ஒரு பொத்தானை அழுத்தினால் பழைய நிலைக்கு வந்துவிடலாம். யோசிக்கும் வேலை மட்டும் அப்படியே இருக்கிறது.

யோசிப்பது எதை? சுமார் 100 ஆண்டுகளுக்கு முன் சோவியத் நாட்டில் லெவ் குலஷோவ் என்ற இயக்குநர் ஒரு சோதனை செய்தார். ஒரு நடிகரின் உணர்ச்சியில்லாத முகம். அதற்கு அடுத்து ஒரு தட்டு சூப். மறுபடி அதே முகம், அடுத்து ஒரு சவப்பெட்டி. மறுபடி அதே முகம், அடுத்து ஒரு பெண். முகத்தில் பசி தெரிகிறது, துக்கம் தெரிகிறது, ஆசை தெரிகிறது என்று பார்த்தவர்கள் சொன்னார்களாம். முகம் மாறவே இல்லை. பக்கத்தில் வைத்ததுதான் மாறியது. இதை வகுப்பில் செய்வதற்குப் படம்கூட வேண்டாம். ஒரு மாணவரின் சாதாரண முகத்தைக் கைப்பேசியில் எடுத்து, காலி டிபன் பாக்ஸ், மதிப்பெண் பட்டியல், நாய்க்குட்டி என்று மூன்று படங்களோடு மாற்றி மாற்றிக் காட்டுங்கள். ஏழாம் வகுப்பே தெளிவாகச் சொல்லிவிடும். சமூக ஊடகத்தில் வரும் வீடியோவை அப்படியே நம்பும் பிள்ளைகளுக்கு, பக்கத்தில் எதை வைத்து நம்மை நம்ப வைக்கிறார்கள் என்று காட்ட இதைவிட எளிய வழி எனக்குத் தெரியவில்லை.

ஒலியைப் பற்றிப் பேசும்போது நான் அறிவியல் ஆசிரியராகிவிடுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள். படமும் ஒலியும் தனித்தனியாகப் பதிவாகின்றன. இரண்டையும் பின்னால் சேர்ப்பதற்காகத்தான் ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் கிளாப் பலகை. பலகை மூடும் ஃப்ரேமும் 'டக்' என்ற ஒலியும் ஒன்றாக வர வேண்டும். நம் ஊரில் 15 டிகிரி வெப்பநிலையில் ஒலி நொடிக்குச் சுமார் 340 மீட்டர் போகும். ஒரு ஃப்ரேம் என்பது நொடியில் 24-இல் ஒரு பங்கு. அந்த நேரத்தில் ஒலி கடப்பது 14 மீட்டர். மைதானத்தில் 100 மீட்டர் தள்ளி ஒருவர் இரண்டு பலகையை அடித்தால் கை சேர்வதைப் பார்த்து, ஏழு ஃப்ரேம் கழித்துத்தான் சத்தம் கேட்கும். வத்தலக்குண்டு வெயிலில் 35 டிகிரியில் அடித்தால் ஒலி இன்னும் கொஞ்சம் வேகமாக, நொடிக்குச் சுமார் 350 மீட்டர் போகும். டால்ஃபின் மூக்குப் பாறைப் பக்கம் எக்கோ பாயிண்ட் வைத்திருக்கும் ஊரில் எதிரொலிப் பாடத்தைக் கரும்பலகையில் மட்டும் நடத்துவது எனக்கு உறுத்தலாக இருக்கிறது.

ஒலியின் கதையைச் சொல்ல ஒரு மனிதர் போதும். ரசூல் பூக்குட்டி. கொல்லம் மாவட்டத்தில் அஞ்சலுக்கு அருகே விளக்குப்பாறை என்ற ஊர். அவர் சிறுவனாக இருந்தபோது அங்கே மின்சாரம் இல்லை. அப்பா தனியார் பேருந்தில் டிக்கெட் பரிசோதகர். ஆறு கிலோமீட்டர் நடந்து பள்ளிக்குப் போய், மண்ணெண்ணெய் விளக்கில் படித்தவர். வெள்ளகவியிலிருந்து நடந்து வந்த பிள்ளைகளுக்குப் பாடம் எடுத்தவர்கள் இங்கே இருக்கிறீர்கள். உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. கல்லூரியில் அவர் படித்தது இயற்பியல். பிறகு புனேயில் உள்ள திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனத்தில் ஒலிப்பதிவு படித்து 1995-இல் வெளியே வந்தார். 'ஸ்லம்டாக் மில்லியனர்' படத்துக்காக மும்பை நெரிசலுக்குள் படப்பிடிப்பு நடந்த இடத்திலேயே ஒலியைப் பதிவு செய்தார். 2009 பிப்ரவரியில் இயான் டாப், ரிச்சர்ட் பிரைக் என்ற இருவரோடு சேர்ந்து ஆஸ்கர் பெற்றார்.

ஆஸ்கரைவிட எனக்கு அவருடைய இன்னொரு வேலை முக்கியமாகப் படுகிறது. பார்த்திபனின் 'ஒத்த செருப்பு சைஸ் 7' (2019). படம் முழுக்கத் திரையில் ஒரே ஒருவர்தான். காவல் நிலைய அறையில் அவரை விசாரிக்கிறார்கள். விசாரிக்கும் அதிகாரிகள், மற்றவர்கள் யாரையும் நாம் பார்ப்பதில்லை. குரல், காலடி, நாற்காலி இழுபடுவது, கதவு. அறையில் யார் எங்கே நிற்கிறார்கள் என்று காதுதான் சொல்லும். இதன் ஒலிக்கலவைக்கு ரசூல் தேசிய விருது பெற்றார். சிறாருக்கான படம் அல்ல, நாம் பார்க்கலாம். ஒருமுறை ஒலியை நிறுத்திவிட்டு ஐந்து நிமிடம் பாருங்கள். ஒருவர் தனியாக அறையில் பேசிக்கொண்டிருப்பார், அவ்வளவுதான்.

தமிழ்நாட்டிலேயே வேலை செய்த எச். ஸ்ரீதரையும் சொல்ல வேண்டும். 'ரோஜா' காலத்திலிருந்து ஏ.ஆர். ரகுமானின் ஒலிப்பொறியாளர். 'மகாநதி', 'தில் சே', 'லகான்', 'கன்னத்தில் முத்தமிட்டால்' என்று நான்கு தேசிய விருதுகள். இதில் 'கன்னத்தில் முத்தமிட்டால்' நமக்கு நெருக்கமான படம். ஒரு சிறுமியின் கதை. அந்தப் படத்துக்கு ஒலிப்பதிவு விருது ஸ்ரீதருக்கும் லட்சுமிநாராயணனுக்கும் கிடைத்தது. அதே ஆண்டு அதே படத்தின் படத்தொகுப்புக்கு ஸ்ரீகர் பிரசாத் விருது வாங்கினார். நடித்தவர்களின் பெயர் நமக்கு மறக்காது. காதுக்கும் வெட்டுக்கும் விருது வாங்கியவர்களை எத்தனை பேருக்குத் தெரியும்? ஸ்ரீதர் 2008 டிசம்பர் முதல் தேதி காலமானார், ஐம்பது வயதைத் தொடாமல். 'ஸ்லம்டாக்' இசைத்தொகுப்புக்கான கிராமி 2010-இல் அறிவிக்கப்பட்டபோது அவர் பெயரும் அதில் இருந்தது. வாங்க அவர் இல்லை.

படத்தொகுப்பும் ஒலியும் இரண்டு தனி வேலைகள் என்று நாம் பிரித்தாலும் இரண்டையும் ஒரே ஆள் செய்ததுண்டு. அமெரிக்காவின் வால்டர் மர்ச் சிறுவயதில் டேப் ரெக்கார்டரில் கண்ட சத்தத்தையெல்லாம் பதிந்து, வெட்டி ஒட்டி விளையாடியவர். பின்னாளில் 'தி இங்கிலிஷ் பேஷன்ட்' படத்துக்காகப் படத்தொகுப்பு, ஒலி என்று ஒரே இரவில் இரண்டு ஆஸ்கர் வாங்கினார். உட்கார்ந்து வேலை செய்யமாட்டார், நின்றுகொண்டுதான் எடிட் செய்வார். ஒரு வெட்டை எதற்காகச் செய்கிறோம் என்ற அவருடைய பட்டியலில் உணர்ச்சிக்குத்தான் முதலிடம். இடமும் கோணமும் பொருந்துவது கடைசியில் வரும். கட்டுரைத் திருத்தத்தில் முதலில் ஒற்றுப்பிழைக்குச் சிவப்பு மை போடும் நம்மில் சிலர் இதை யோசிக்கலாம்.

சரி, இதையெல்லாம் தெரிந்துகொண்டு நாம் என்ன செய்வது? நான் என் வகுப்பில் செய்வதைச் சொல்கிறேன். மூடுபனி இறங்கி ஜன்னலுக்கு வெளியே ஒன்றும் தெரியாத நாளில் ஐந்து நிமிடம் பேசாமல் இருக்கச் சொல்வேன். கேட்டதையெல்லாம் எழுத வேண்டும். முதல் தடவை எல்லோரும் பேருந்து, நாய், காற்று என்று நான்கைந்து எழுதுவார்கள். மூன்றாவது தடவையில் கூரைத் தகரத்தில் தைல மரத்தின் காய் விழுவது, சத்துணவுக் கூடத்தில் கரண்டி தட்டுவது, தூரத்தில் விசிலடிப்பது போல ஒரு குருவி என்று பட்டியல் நீளும். எழுத்தில் பின்தங்கிய சில பிள்ளைகள் இதில் முன்னால் வந்துவிடுவார்கள். சொல்ல நிறைய இருப்பதால் எழுத்துக்கூட்டி எழுதுகிறார்கள். செவித்திறன் குறைந்த பிள்ளை வகுப்பில் இருந்தால் அதே நேரத்தில் மேசையில் உள்ளங்கையை வைத்து அதிர்வை எண்ணச் சொல்லுங்கள். ஒலி அதிர்வு என்பதை மற்றவர்களுக்கு அந்தப் பிள்ளை விளக்கட்டும். திரைப்பட நாளில் ஒரே காட்சியை முதலில் ஒலியில்லாமலும் பிறகு ஒலியோடும் போடுங்கள். மடிக்கணினியின் சின்ன ஸ்பீக்கரை மட்டும் நம்பாதீர்கள். காலை வழிபாட்டுக்கு வைத்திருக்கும் ஸ்பீக்கரே மேல்.

அடுத்துச் சொல்லப்போவதுதான் இந்த உரையில் நான் கவலையோடு சொல்லும் பகுதி. பத்தாம் வகுப்பு முடிவு வந்ததும் பெற்றோர் நம்மிடம் கேட்பது எந்த குரூப் என்று. மேல்மலைக் கிராமத்துப் பிள்ளைக்குப் பல நேரம் பக்கத்துப் பள்ளியில் எந்த குரூப் இருக்கிறதோ அதுதான் குரூப். சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. அரசு நிறுவனம், நான்கு ஆண்டுப் பட்டப்படிப்பு. படத்தொகுப்புக்குப் பிளஸ் டூவில் எந்தப் பிரிவு படித்தாலும் விண்ணப்பிக்கலாம். ஒலிப்பதிவுக்கு இயற்பியலும் வேதியியலும் கேட்கிறார்கள். விதிமுறை மாறக்கூடும் என்பதால் அந்தந்த ஆண்டு அறிவிப்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். கவனியுங்கள், காது நன்றாக இருக்கிற ஒரு பிள்ளையை மதிப்பெண் கொஞ்சம் குறைவு என்பதற்காக அறிவியல் பிரிவிலிருந்து நாம் தள்ளிவிட்டால், பதினைந்து வயதிலேயே அந்தக் கதவு மூடிவிடுகிறது. அந்தப் பிள்ளைக்கு அப்படி ஒரு கதவு இருந்ததே தெரியாது.

ஆசை காட்டி ஏமாற்றவும் கூடாது. படித்து வந்த எல்லோருக்கும் பெரிய படம் கிடைக்காது. பல ஆண்டுகள் உதவியாளராக இருப்பார்கள், சம்பளம் நிச்சயமிருக்காது, இரவும் பகலும் ஒன்றுதான். அதையும் சொல்லித்தான் அனுப்ப வேண்டும். ஆனால் வேலை சினிமாவில் மட்டும் இல்லை. 2019-இல் நம் துறையே கல்வித் தொலைக்காட்சி தொடங்கியது. நாம் பேசிய பாடத்தை யாரோ ஒருவர்தான் வெட்டி ஒட்டி, பின்னால் கேட்ட மின்விசிறிச் சத்தத்தைக் குறைத்து ஒளிபரப்பினார். வத்தலக்குண்டில் கல்யாண வீடியோ எடிட் செய்கிற இளைஞர் செய்வதும் இந்த வேலைதான். அவரை ஒருநாள் பள்ளிக்கு அழைக்கலாம். செய்முறை காட்ட நூறு கிலோமீட்டர் தள்ளிப் போக வேண்டியதில்லை.

கடைசியாக ஒன்றைச் செய்து காட்டுகிறேன். சினிமாவில் நடை, துணி உரசல், கதவு போன்ற ஒலிகளைப் படத்தைப் பார்த்துக்கொண்டே தனியாகச் செய்து பதிவார்கள். யுனிவர்சல் ஸ்டுடியோவில் இதை வளர்த்தெடுத்த ஜாக் ஃபோலியின் பெயரால் அதை ஃபோலி என்கிறார்கள். பனியில் நடக்கும் ஒலிக்குச் சோளமாவை ஒரு பையில் போட்டு அமுக்குவார்கள். குதிரைக்கு என்ன செய்வார்கள் என்று நம் பிள்ளைகளைக் கேட்டால் உடனே சொல்லமாட்டார்கள். ஏரிக்கரையில் தினமும் உண்மைக் குதிரையைக் கேட்கிறவர்கள் ஆயிற்றே. இதோ, பையில் இரண்டு தேங்காய்ச் சிரட்டை கொண்டுவந்திருக்கிறேன். முதலில் இந்த மேசையில் தட்டுகிறேன், பிறகு அந்த மணல் தட்டில். எல்லோரும் கண்ணை மூடிக்கொண்டு, குதிரை எப்போது தார்ச்சாலையை விட்டு மண்ணில் இறங்குகிறது என்று கையைத் தூக்கிச் சொல்லுங்கள்.